டூர் தட்டு

வெளிநாட்டுக்காரர்களை மயிலாப்பூரில் கடை கடையாகச் சாப்பிடக் கூட்டிப்போகிற நடைப் பயணத்துக்கு முந்தின நாள் சாயங்காலமே, வழிகாட்டி புகழேந்தி எல்லா இடங்களுக்கும் போன் போட்டுவிடுவான். நாளைக்கு நாலு டூர் தட்டு என்பான். அதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. டூர் தட்டு என்றால் காரம் கிடையாது, உப்பும் புளியும் பாதி, எண்ணெய் புதுசு, தண்ணீர் பாட்டில் தண்ணீர். சாம்பாரில் பொடி போடுவதற்கு முன்பே ஒரு கிண்ணம் தனியாக எடுத்து, மஞ்சளோடு இறக்கிவிடுவார்கள். வடை மாவில் மிளகும் பச்சை மிளகாயும் விழாது. காபியில் டிகாக்ஷன் பேருக்கு. நிறம் மட்டும் குறையக் கூடாது, போட்டோ எடுப்பார்கள். அதற்கு, உறைக்காத காஷ்மீர் மிளகாயை விதை நீக்கி ஊற வைத்துக் கொஞ்சம் சேர்த்துக்கொள்வார்கள்.

டூர் கம்பெனி ஆரம்பித்த புதிதில் ஒரு ஜெர்மன்காரர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஓட்டல் அறையிலேயே கிடந்தார். ஊருக்குத் திரும்பியதும் இணையத்தில் ஒற்றை நட்சத்திரம் போட்டார். அன்றிலிருந்துதான் இந்த ஏற்பாடு. அதற்குப் பிறகு வந்த எல்லாரும் அசல் மயிலாப்பூர்ச் சாப்பாடு என்று எழுதிவிட்டுப் போகிறார்கள். புகழேந்தி அவர்களோடு சேர்ந்து சாப்பிடுவதில்லை. கதை சொல்லவே நேரம் சரியாக இருக்கும். முன்பு கால் சென்டரில் இரவெல்லாம் அமெரிக்காக்காரர்களிடம் திட்டு வாங்கியவன் அவன். ஒருநாள் விடியற்காலை ஆபீஸ் வேனிலிருந்து பாதி வழியில் இறங்கி, திரும்பிப் போகவேயில்லை. வெயிலில் நடக்கச் சம்பளம் தருகிறோம் என்று இந்த டூர் கம்பெனியில் சொன்னார்கள், ஒப்புக்கொண்டான். கடைக்காரர்கள் தட்டில் என்ன வைக்கிறார்கள் என்பதை அவன் எப்போதோ மறந்துவிட்டான்.

அன்று வந்த நான்கு பேரில் இரண்டு பேர் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த வயதான கணவன் மனைவி. மற்ற இரண்டு பேர் இசக்கிமுத்துவும் அவருடைய மகள் லாவண்யாவும். தமிழ்ப் பெயர்களைப் பார்த்ததும் அமெரிக்காவிலிருந்து லீவுக்கு வந்தவர்கள் என்று நினைத்தான். கோயில் குளக்கரையில் காத்திருந்தவரோ வெள்ளைச் சட்டை வேட்டியில், சட்டைப் பையில் கடைப் பேனாவோடு நின்றார். இடது தாடை வீங்கியிருந்தது. சின்னத் துண்டு ஒன்றை வாயருகே வைத்து அடிக்கடி ஒற்றிக்கொண்டார்.

அவர் எதையும் மறைக்கவில்லை. தி.நகரில், உஸ்மான் ரோடு பக்கம் பாத்திரக் கடை. நெல்லைப் பக்கத்திலிருந்து வந்து நாற்பது வருஷமாக அதே கல்லாவில் உட்கார்ந்திருக்கிறார். மதியச் சாப்பாடு வீட்டிலிருந்து கேரியரில் வந்துவிடும். பக்கத்தில் இருக்கிற மயிலாப்பூரில் உட்கார்ந்து ஒரு வாய் சாப்பிட்டதில்லை. இதையெல்லாம் சொல்லிவிட்டு, பாத்திரத்தில் விழுந்த கீறலைக் காட்டுவது போல வாயைத் திறந்து காட்டினார். நாக்கின் ஓரம் வெள்ளையாக, கிழிந்த மாதிரி இருந்தது.

"நாக்குல புத்து, தம்பி. நாளைக்குக் காலைல எடுக்கணும்ங்காங்க. எடுத்தா இருப்பேன். எடுக்கலன்னா பொங்கல் தாண்டாது. எடுத்துட்டா ருசியும் கெடையாது, பேச்சும் கெடையாது. மூக்கு வழியா டியூப்ல கஞ்சி."

புகழேந்தி கையிலிருந்த பெயர்ப் பட்டியலை மடித்தான். அவர் தொடர்ந்தார்.

"எடுக்கவா வேண்டாமான்னு நான் இன்னும் சொல்லல. நாக்குகிட்டயே கேட்டுருவோம்னு வந்துருக்கேன். ருசி இருக்குன்னு அது சொல்லிச்சுன்னா, அதோடயே போயிருதேன். வேற யார் பேச்சும் எனக்கு வேண்டாம்."

லாவண்யா குளத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். ஒரு பள்ளியில் கணக்கு டீச்சர். அடையாற்றில் ஒரு ஆஸ்பத்திரியில் படுக்கை சொல்லி வைத்திருக்கிறது, சாயங்காலத்துக்குள் அவர் போய்க் கையெழுத்துப் போட வேண்டும் என்றாள். இரண்டு மாதமாக அவருக்குக் கஞ்சியும் பாலும்தான். வாயை அகலத் திறக்க முடியாது, ஓரிடத்தில் நிறையச் சாப்பிடவும் முடியாது. பல இடம், சின்னச் சின்னத் தட்டு என்று இணையத்தில் போட்டிருந்ததால் இந்த நடைப் பயணத்தைப் பதிவு செய்திருக்கிறாள். இனிப்பு மட்டும் கூடவே கூடாது, சர்க்கரை ஏறினால் மயக்க மருந்து கொடுக்க மாட்டார்கள் என்று அவனிடம் இரண்டு தரம் சொன்னாள். அவன் தலையாட்டினான். இனிப்பை எந்தக் கடையில் நிறுத்த வேண்டும் என்றுதான் அவன் மனம் யோசித்தது. மற்ற எதுவும் அவனுக்குத் தோன்றவில்லை.

முதல் இடம் மாடவீதியை ஒட்டிய சந்தில் ஒரு மெஸ். நான்கு தட்டில் இட்லியும் சாம்பாரும் சட்னியும் வந்தன. சாப்பாட்டுக்கு முன் நாக்கு மரத்துப்போகத் தடவிக்கொள்ளும் களிம்பை மகள் பையிலிருந்து எடுத்தாள். இசக்கிமுத்து அவள் கையைத் தட்டிவிட்டார். எரிச்சலையும் சேர்த்துப் பார்க்கத்தான் வந்திருக்கிறாராம். இட்லியை ஓரத்தில் கிள்ளி, சாம்பாரில் புரட்டி, வலது கன்னத்துப் பக்கமாக வைத்தார். தோள்கள் இறுகின. வலியை எதிர்பார்த்துக் கண்ணை மூடிக்கொண்டார்.

கொஞ்ச நேரம் கழித்துக் கண்ணைத் திறந்தார். இன்னொரு விள்ளல் எடுத்தார். சட்னியைத் தனியாக விரலில் தொட்டு நக்கினார். லாவண்யா தன் தட்டிலிருந்து ஒரு வாய் சாப்பிட்டு, அவரைப் பார்த்தாள், பிறகு தட்டைப் பார்த்தாள். ஆஸ்திரேலியப் பெண்மணி அற்புதம் என்றாள். இந்தியச் சாப்பாடு என்றால் நெருப்பு என்று பயமுறுத்தியிருந்தார்களாம். புகழேந்தி அந்நேரம் கால் சென்டர் கற்றுக்கொடுத்த ஆங்கிலத்தில், இந்த ஊரில் மெஸ் என்றால் என்ன என்று விளக்கிக்கொண்டிருந்தான்.

இரண்டாவது இடத்தில் மெதுவடையும் காபியும். வடையைப் பிட்டபோது ஆவி வந்தது. இசக்கிமுத்து அதைச் சட்னியில் முக்கி முக்கிச் சாப்பிட்டார். காபியை ஆற்றாமல் குடித்தார். சூடு பட்டு உடம்பு துள்ளியது. துண்டை வாயில் அழுத்திக்கொண்டு மூச்சு வாங்கினார். துண்டில் லேசாகச் சிவப்பு. சூடு தெரிகிறது, வலி தெரிகிறது, வேறு ஒன்றும் தெரியவில்லை என்று மகளிடம் சொன்னார். அவள் தம்ளரை வாங்கி வைத்தாள்.

அங்கிருந்து மூன்றாவது இடத்துக்கு மெட்ரோ வேலைத் தடுப்புகளை ஒட்டி ஒருவர் பின் ஒருவராக நடந்தார்கள். இசக்கிமுத்து புகழேந்தியோடு முன்னால் நடந்தார். ஊரிலிருந்து வந்த புதிதில், சொந்தக் கடை வைக்கும் முன் சிப்பந்தியாக இருந்தபோது, ஷட்டரை இறக்கிவிட்டுப் போய்ப் பனகல் பார்க் அருகே தள்ளுவண்டியில் சாப்பிடுவாராம். அந்தக் கொத்தமல்லிச் சட்னி காதுவரை ஏறும், மூக்கு ஒழுகும், மறுநாள் காலையில் கக்கூஸிலும் அதன் ஞாபகம் வரும் என்று சொல்லிச் சிரித்தார். சிரிப்பு பாதியில் வலியாகி நின்றது.

"செத்துப்போச்சு, டே," என்றார். "எரியக்கூட இல்ல. உப்பு இருக்கா இல்லையான்னே தெரியல. சவத்துப்பய நாக்கு, எனக்கு முன்னாலயே போயிட்டு."

அப்போதுதான் புகழேந்திக்கு உறைத்தது, இவர் சாப்பிட்டதும் டூர் தட்டுதான். தார் ரோட்டில் அப்படியே நின்றுவிட்டான். பின்னால் வந்த ஆஸ்திரேலியக் கிழவர் அவன் முதுகில் இடித்துக்கொண்டு மன்னிப்புக் கேட்டார். சார், அது வந்து, என்று ஆரம்பித்தான். தடுப்புக்கு அந்தப் பக்கம் இயந்திரம் கான்கிரீட்டைக் குடைந்துகொண்டிருந்தது. லாவண்யா முன்னால் வந்து அப்பாவின் கையைப் பிடித்து, பள்ளம் இருக்கிறது, பார்த்து வாருங்கள் என்று நடத்திக்கொண்டு போய்விட்டாள்.

போகட்டும், இன்னும் ஓர் இடம் இருக்கிறது என்று நினைத்தான். கடைசி இடம் ஒரு வீடு. வங்கியிலிருந்து ஓய்வு பெற்ற விஜயலக்ஷ்மி, அடுக்குமாடியில் இரண்டாவது தளத்தில் தனியாக இருக்கிறாள். டூர் வரும் நாட்களில் தன் வீட்டு மேஜையில் இலை போட்டுச் சாப்பாடு போடுவாள். அன்றைக்கு வத்தக்குழம்பு. படி ஏறும்போதே சுண்டைக்காய் வறுத்த வாசனையும் பெருங்காயமும் மூக்கில் ஏறின. இசக்கிமுத்து முதல் தளத்தில் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்று, ஆழமாக மூச்சை இழுத்தார். நல்லெண்ணெயில் தாளித்திருக்கிறார்கள், மணத்தக்காளி அல்ல, சுண்டைக்காய் என்று சரியாகச் சொன்னார். மூக்கு கெட்டிக்கார மூக்கு, கீழே இருக்கிறதுதான் உதவாமல் போய்விட்டது என்றார்.

மேலே போனதும் அவர் முதலில் பாத்திரங்களைப் பார்த்தார். ரசம் வைத்திருந்த ஈயச்சொம்பைச் சுண்டிப் பார்த்து, இப்போது யார் இதை வாங்குகிறார்கள் என்று விஜயலக்ஷ்மியிடம் பேச ஆரம்பித்தார். அந்த இடைவெளியில் புகழேந்தி சமையலறைக்குள் நுழைந்தான். அடுப்புப் பக்கம் இரண்டு பாத்திரம் இருந்தன. பெரியதில் டூர் குழம்பு. சின்னக் கல்சட்டியில் அவளுக்கென்று வைத்த குழம்பு, மேலே எண்ணெய் மிதந்து கறுத்துக் கிடந்தது.

விஜயலக்ஷ்மி உள்ளே வந்ததும், அந்தப் பெரியவருக்கு மட்டும் கல்சட்டிக் குழம்பைப் போடச் சொன்னான்.

"நேத்திக்கு நாலுமே டூர் இலைன்னுதானேடா சொன்னே?" என்றாள் அவள். "நம்ம மனுஷா வரான்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமோன்னோ. நம்மாத்துக் குழம்பையே கூட வெச்சிருப்பேன். பாவம், அந்தச் சப்புனு இருக்கறதை எப்படிச் சாப்பிடுவார்?"

கரண்டியைக் கல்சட்டியில் விட்டாள்.

"வேணாம் மாமி."

லாவண்யா சமையலறை வாசலில் நின்றாள். மற்றவர்களுக்குப் போடுவதையே அப்பாவுக்கும் போடச் சொன்னாள். புகழேந்தியைப் பார்த்துப் பின்பக்கத்து பால்கனியைக் காட்டினாள். துணி உலர்த்தும் கொடிகளுக்குக் கீழே இருவரும் குனிந்து நின்றார்கள்.

"உங்களுக்கு எப்பத் தெரிஞ்சுது?" என்று கேட்டான்.

"முதல் கடையிலயே. நானும்தானே அந்தச் சாம்பாரைச் சாப்பிட்டேன்."

"அப்பவே சொல்லியிருந்தா மாத்தச் சொல்லியிருப்பேனே."

"ரெண்டு மாசமா கெஞ்சிட்டு இருக்கோம். அம்மா கால்ல விழுந்தாங்க. அண்ணன் கடையைத் திறக்க மாட்டேன்னு உக்காந்தான். டாக்டர் படம் வரைஞ்சு காமிச்சார். எதுக்கும் அசையல. இன்னைக்குத்தான் முதல் தடவையா, செத்துப்போச்சுன்னு அவர் வாயால சொல்றார்."

"அது பொய்ங்க. அவர் நாக்கு நல்லாத்தான் இருக்கு."

"பொய்தான். ஆனா அதை நான் சொல்லல. உங்க கடைங்க சொல்லிச்சு."

ஆபரேஷன் செய்தால் மட்டும் பிழைத்துவிடுவாரா என்று கேட்டான். பாதிக்குப் பாதி என்று டாக்டர் சொன்னதாகச் சொன்னாள். மூக்கில் டியூபோடு எத்தனை காலம் என்று யாரும் சொல்லவில்லை. பின்னால் எப்போதாவது அவருக்கு இது தெரியவந்தால் என்ன செய்வீர்கள் என்று அவன் கேட்டான்.

"தெரிஞ்சா என்ன பண்ணுவார்? திட்டவா முடியும்?" என்றாள்.

கொடியில் தொங்கிய உலர்ந்த துண்டின் நுனியைப் பிழிந்தாள். அதில் பிழிய ஒன்றும் இல்லை. பிறகு உள்ளே போய்விட்டாள்.

இலை போட்டாயிற்று. விஜயலக்ஷ்மி பெரிய பாத்திரத்திலிருந்து நான்கு பேருக்கும் ஒரே குழம்பை ஊற்றினாள். பால்கனிக் கதவு திறந்துதான் இருந்தது, அவள் காதில் எல்லாம் விழுந்திருந்தது. இசக்கிமுத்துவின் இலையை மட்டும் பார்க்காமல் ஊற்றினாள். ஆஸ்திரேலியர்கள் ஸ்பூனால் சாப்பிட்டார்கள். இசக்கிமுத்து சாதத்தைக் குழி பண்ணி, குழம்பை வாங்கி, நன்றாகப் பிசைந்து, சுண்டைக்காய் ஒன்றைத் தனியாக எடுத்து வலது கடைவாயில் வைத்துக் கடித்தார். மூன்று வாய் சாப்பிட்டார். நான்காவது உருண்டை கையிலேயே நின்றது.

"தம்பி, இங்க உக்காரு," என்று பக்கத்து நாற்காலியைக் காட்டினார். புகழேந்தி உட்கார்ந்தான்.

"இந்த ரெண்டு மாசத்துல எவனும் எங்கிட்ட நெசம் பேசல. இவகிட்ட கேட்டா, நான் பொழைக்கணும்னு பொய் சொல்லுவா. டாக்டர்கிட்ட கேட்டா சிரிக்கான். ஒனக்கு நான் யாரும் இல்ல. என்னால ஒனக்கு லாபமும் இல்ல, நட்டமும் இல்ல. நீ சொல்லு. இந்தக் குழம்புல உப்பு, காரம் எல்லாம் இருக்கா?"

லாவண்யா தன் இலையில் அப்பளத்தை நொறுக்கிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை. விஜயலக்ஷ்மி ரசக் கரண்டியோடு நின்றாள். ஆஸ்திரேலியக் கிழவர் தன் குழம்பைப் போட்டோ எடுத்தார்.

புகழேந்தி நல்லவனாக இருக்க முயலவில்லை. கணக்குத்தான் போட்டான். இல்லை என்று சொன்னால், இந்த மனிதர் அந்தக் கல்சட்டிக் குழம்பை வாங்கி அழுதுகொண்டே சாப்பிடுவார், ஆஸ்பத்திரிக்குப் போக மாட்டார். பொங்கலுக்கு முன் அவர் செத்துப்போனால் அதற்குப் பொறுப்பு அவன். இருக்கிறது என்று சொன்னால் ஒரு நாக்குக்கு மட்டும் பொறுப்பு. அதையும் வெட்டப்போவது வேறொருவர்.

"இருக்கு சார்," என்றான். "எல்லாருக்கும் போடற குழம்புதான்."

இசக்கிமுத்து அவன் கண்களைப் பார்த்தார். நாற்பது வருஷம் வாடிக்கையாளர்களின் கண்களைப் பார்த்தே விலை சொன்னவர். ஆனால் புகழேந்தியும் இரவெல்லாம் முகம் தெரியாதவர்களிடம் குரல் மாறாமல் பொய் சொல்லிச் சம்பளம் வாங்கியவன். பெரியவர் விஜயலக்ஷ்மியிடம் திரும்பினார்.

"ஆமாவாம்மா?"

"எங்காத்துக் குழம்பு எப்பவுமே கொஞ்சம் காரம் தூக்கலாத்தான் இருக்கும்," என்றாள் அவள். அது உண்மை. சொல்லிவிட்டு ரசத்தைக் கலக்கப் போவது போல உள்ளே போனாள். அவள் திரும்பி வர நேரமாயிற்று.

இசக்கிமுத்து இடது கையால் போனை எடுத்தார். கடையில் இருந்த மகனை அழைத்தார். ஆஸ்பத்திரிக்குப் போய்க் கையெழுத்துப் போடுகிறேன், அம்மாவிடம் சொல்லிவிடு, அழ வேண்டாம் என்று சொல் என்றார். குக்கர் கம்பெனி ஆள் வந்தால் பழைய சரக்கைத் திருப்பி எடுக்கச் சொல், விடாதே என்றார். போனை வைத்துவிட்டு, இலையில் இருந்ததை ஒரு பருக்கை விடாமல் சாப்பிட்டு முடித்தார். ஒன்றும் தெரியாத ஒரு பொருளை மென்று விழுங்குகிற வேலை. அதை ஒழுங்காகச் செய்தார். ரசம் வேண்டுமா என்று கேட்டதற்கு, அதுவும் இதே மாதிரிதானே இருக்கப் போகிறது, வேண்டாம் என்றார்.

கை கழுவியதும் அவர் பேச ஆரம்பித்தார். ஈயச்சொம்பை அடுப்பில் வெறுமனே வைத்தால் உருகிவிடும் என்று விஜயலக்ஷ்மிக்குச் சொன்னார். அது அவளுக்குத் தெரியும், ஆனாலும் கேட்டுக்கொண்டாள். ஆஸ்திரேலியக் கிழவரிடம், உங்கள் ஊரில் தோசைக்கல் கிடைக்குமா என்று தமிழிலேயே கேட்டார். அவர் புரியாமல் தலையாட்டியதும், இரும்பையும் நான்ஸ்டிக்கையும் ஒப்பிட்டு நீளமாக விளக்கினார். பேசப் பேச நாக்கு குழறியது. துண்டால் ஒற்றிக்கொண்டு, விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார். படி இறங்கும்போது மாடிக்கு மாடி நின்று பேசினார். லாவண்யா நேரமாகிவிட்டது என்று ஒரு தரம் சொன்னாள். பிறகு சொல்லவில்லை.

வாசலில் ஆட்டோ நின்றது. ஆஸ்பத்திரி பெயரைச் சொன்னதும் டிரைவர் சாந்தோம் வழியாகச் சுற்றித்தான் போக வேண்டும் என்றார். இசக்கிமுத்து ஏறிய காலை இறக்கினார். பிடித்தமான ஒரு வேலை கிடைத்துவிட்ட மாதிரி முகம் ஆகிவிட்டது.

"அடையாத்துக்கு எதுக்குடே சாந்தோம்? மந்தைவெளி வழியா நேராப் போ."

"இன்னா பெர்சு, அந்தாண்ட ரோட்டையே காணோம், தோண்டிப் போட்டுக்கினு கீறாங்கோ. நீ எந்தூர்ல இருந்து வந்துக்கீறே?"

"நாப்பது வருசமா டி.நகர்ல கட வச்சிருக்கேன். எனக்கு வழி சொல்லுதியோ?"

"கட தானே வச்சிக்கீறே. வண்டி ஓட்ட வா, உன் பின்னாடி நான் குந்திக்கிறேன்."

இசக்கிமுத்து சத்தமாகச் சிரித்தார். வலியில் தாடையைப் பிடித்துக்கொண்டார். அப்படியும் விடவில்லை. மந்தைவெளி வழியில் எந்தச் சந்தில் நுழைந்து எந்தச் சந்தில் வெளியே வரலாம் என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். டிரைவர் ஒவ்வொன்றுக்கும் ஒரு தடுப்பு இருக்கிறது என்றார். எந்த வழியாக இருந்தால் என்ன அப்பா என்று லாவண்யா கேட்டாள்.

"நீ சும்மா இரு. இத நான் பேசிக்கிடுதேன்."

பேசி முடியவில்லை. டிரைவர் வண்டியைக் கிளப்பிவிட்டார், இவர் ஏறி உட்கார்ந்துகொண்டே பேசினார். புகழேந்தி வாசலில் நின்று பார்த்தான். தெருக்கோடியில் ஆட்டோ வேகம் குறைந்தது. வார்த்தைகள் கேட்கவில்லை, குரல் மட்டும் கேட்டது. வெள்ளைச் சட்டைக் கை ஒன்று வெளியே நீண்டு மந்தைவெளிப் பக்கம் காட்டிக்கொண்டிருந்தது. ஆட்டோ சாந்தோம் பக்கம் திரும்பியது.